இமை சரியும் இடம்

ஆய்வு மாணவனாகச் சேர்ந்த முதல் ஆண்டில், உறைபெட்டியின் அடித்தட்டிலிருந்து எடுத்து என் கையில் கொடுக்கப்பட்ட குப்பி சுண்டுவிரலின் மேற்கணு அளவே இருந்தது. அதனுள் அரை மில்லிகிராம் தூள் இருப்பதாக ஒட்டுத்தாள் சொன்னது; என் கண்ணுக்கு எதுவும் தெரியவில்லை. சுண்டெலியின் தசையொன்றைப் பிரித்தெடுத்து, செந்நிறத்தில் ஒளிரும் சாயம் கோத்த அந்தத் தூளைக் கரைத்த நீரில் ஊறவைத்து, மூன்று முறை கழுவி, நுண்ணோக்கியின் கீழ் வைத்தபோது, கருத்த வெளியில் ஜாங்கிரிகளைப் பரப்பியதுபோல் சிவந்த சுருள்கள் தெரிந்தன. ஒவ்வொரு தசையிழைக்கும் ஒரு சுருள் என்ற கணக்கில், நரம்பின் நுனி தசையைத் தொடும் இடத்தில் மட்டும் அவை அமைந்திருந்தன. அடுத்த நாளும் கழுவினேன். நிறம் சற்றும் குறையவில்லை.

குப்பியின் மேல் எழுதியிருந்த பெயர் ஆல்ஃபா பங்காரோடாக்சின். பாம்பு விஷத்திலிருந்து பிரித்த ஒரு புரதம் அது என்பது எனக்குத் தெரியும்; அந்தப் பெயருக்குள் ஒரு தெலுங்குச் சொல் ஒளிந்திருக்கிறது என்பது பல ஆண்டுகள் கழித்தே தெரிந்தது. கிழக்கிந்தியக் கம்பெனியின் இயற்கையியலாளராக விசாகப்பட்டினம் பகுதியில் பணியாற்றிய பாட்ரிக் ரஸ்ஸல் என்ற மருத்துவர், 1796இல் வெளியான தம் பாம்பு நூலில், மஞ்சள் பட்டை போட்ட ஒரு பாம்பை அவ்வூரார் வழங்கிய பெயராலேயே குறித்து வைத்தார். பங்காரு பாமு என்றால் பொன் பாம்பு. அந்தப் பங்காருவை லத்தீனாக்கி 1803இல் தொதேன் என்ற பிரெஞ்சுக்காரர் ஒரு பேரினத்துக்கே சூட்டிவிட்டார். பொன்னிறம் மருந்துக்கும் இல்லாத நம் கட்டுவிரியனும் அந்தப் பேரினத்தில்தான் இருக்கிறது. ரஸ்ஸலின் பெயரோ ஆங்கிலத்தில் நம் கண்ணாடிவிரியனுக்குப் போய்ச் சேர்ந்தது.

என் குப்பிக்குள் இருந்தது நம் ஊர்ப் பாம்பின் விஷம் அன்று. கருப்பும் வெள்ளையுமாகப் பல பட்டைகள் கொண்ட தைவான் கட்டுவிரியனின் விஷம் அது. அதைப் பிரித்தெடுத்துப் பெயரிட்டவர்கள் தைப்பேயில் பணியாற்றிய சாங் சுவான்-சியுங், லீ சென்-யுவான் என்ற இருவர். இவர்களுள் மூத்தவரான லீயைப் பற்றியே இங்கே எழுதுகிறேன். பட்டப்படி அவர் மருந்தியலாளர். ஆயினும் ஒரு விஷத்தைத் தனித்தனிப் புரதங்களாகப் பிரித்து, ஒவ்வொன்றும் உடலில் எங்கே போய் அமர்கிறது என்று தேடியவரை உயிர்வேதியியலாளர் என்று அழைத்தால் அந்தத் துறைக்காரர்கள் யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள் என்று நினைக்கிறேன்.

லீ 1915 டிசம்பரில் தெற்குத் தைவானில் பிறந்தார். தீவு அப்போது ஜப்பானின் ஆட்சியில் இருந்தது. தைஹோக்கு பேரரசுப் பல்கலைக்கழகத்தின் மருத்துவப் புலம் 1936இல் தொடங்கியபோது அதன் முதல் அணியில் சேர்ந்து 1940இல் பட்டம் பெற்றார். மருத்துவம் படித்தவர் சிகிச்சைக்கூடம் திறந்து ஊர்ப் பெரியவராக வாழ்வதே அக்காலத் தைவானில் இயல்பான வழி. லீ அதை விட்டுவிட்டு, து சுங்-மிங் என்ற பேராசிரியரின் மருந்தியல் ஆய்வகத்தில் சேர்ந்தார். மருத்துவத்தில் முனைவர் பட்டம் பெற்ற முதல் தைவானியர் து. 1922இல் கியோத்தோவில் அதைப் பெற்றவர். பிறர் செய்த ஆராய்ச்சியைத் திருப்பிச் செய்துகொண்டிராமல் தம் மண்ணுக்கே உரிய பொருள்களை எடுத்தாள வேண்டும் என்று கருதி, மூலிகை மருத்துவம், அபின் அடிமைத்தனம், பாம்பு விஷம் ஆகிய மூன்றையும் தம் ஆய்வகத்தின் பாடங்களாக அவர் வைத்துக்கொண்டார். அந்த மூன்றாவது பாடம் லீக்கு வாய்த்தது. கண்ணாடிவிரியனின் தைவான் உறவினமே அவருடைய முனைவர் பட்ட ஆய்வுக்குப் பொருளாக, 1945இல் பட்டம் கிடைத்தது. இப்பாம்பின் விஷம் நரம்பைத் தொடுவதைவிட இரத்தத்தை உறைய வைப்பதில் வல்லது. விஷம் கொல்கிறது என்பதோடு நிற்காமல், எந்த உறுப்பில், எந்த வழியில் கொல்கிறது என்ற கேள்வியை அவர் அந்த வேலையில் பழகிக்கொண்டார். பிறகு அதை விடவேயில்லை.

அதே ஆண்டில் போர் முடிந்து தைவான் சீனக் குடியரசின் கைக்கு மாறியது. 1949இல் இராணுவச் சட்டம் வந்தது. லீயோடு முதல் அணியில் படித்த சூ சியாங், பல்கலைக்கழக மருத்துவமனையின் சிறந்த உள்மருத்துவர்களுள் ஒருவர். 1950 மே மாதம் அவரைக் கைது செய்தார்கள். அவ்வாண்டு நவம்பர் 28ஆம் நாள் சுட்டுக் கொன்றார்கள். லீக்கு அப்போது வயது 34. அதன் பின் ஏறத்தாழ நாற்பதாண்டுக் காலம் அவர் ஆய்வகத்தை விட்டு அரசியல் பக்கம் தலைவைக்கவில்லை. இந்தச் செய்தியை இங்கே நிறுத்திவிட்டுப் பாம்புக்கு வருகிறேன். அவரும் அப்படித்தான் வந்தார்.

கட்டுவிரியன் கடித்தால் வலி அதிகம் இருப்பதில்லை, வீக்கமும் இல்லை. தசைகள் ஒவ்வொன்றாகச் செயலிழக்கும், கடைசியில் மூச்சுவிட உதவும் உதரவிதானமும் ஓயும். தென்னமெரிக்கப் பழங்குடியினர் அம்பு முனையில் தடவிய குராரே நஞ்சும் இப்படித்தான் கொல்கிறது என்பதால், இரண்டும் ஒரே இடத்தில் ஒரே வேலையைத்தான் செய்கின்றன என்று எண்ண இடமிருந்தது. அந்த எண்ணம் பாதிதான் சரி என்பதை லீயும் அவருடைய இளைய சகாவான சாங்கும் 1963இல் வெளியிட்ட கட்டுரையில் காட்டினார்கள். விஷத்தை ஸ்டார்ச் படுகையில் வைத்து மின்சாரம் செலுத்தினால், மின்னூட்டத்துக்கு ஏற்ப ஒவ்வொரு புரதமும் ஒவ்வொரு வேகத்தில் நகர்ந்து பிரியும். அப்படிப் பிரிந்தவற்றுள் நரம்பைத் தாக்கும் கூறுகளுக்கு ஆல்ஃபா, பீட்டா, காமா என்று பெயரிட்டார்கள்.

பிரித்தது பெரிய வேலைதான். ஆனால் என்னை ஒவ்வொரு முறையும் வியக்கவைப்பது அடுத்து அவர்கள் கேட்ட கேள்வியின் எளிமை. எலியின் உதரவிதானத்தை அதன் நரம்போடு சேர்த்து வெட்டியெடுத்து, பிராணவாயு குமிழியிடும் உப்புநீரில் தொங்கவிட்டால், அது பல மணிநேரம் உயிரோடிருக்கும். அதை மூன்று வழிகளில் சுருங்கச் செய்யலாம். நரம்புக்கு மின்னதிர்வு கொடுத்தால், நரம்பின் நுனி அசிட்டைல்கோலின் என்ற வேதிப்பொருளை வெளியிட, தசை அதைப் பெற்றுச் சுருங்கும். நரம்பை விட்டுவிட்டுத் தசைக்கே நேரடியாக மின்னதிர்வு கொடுத்தாலும் சுருங்கும். மூன்றாவதாக, நரம்பு வெளியிடும் அதே அசிட்டைல்கோலினை நாமே ஊற்றிப் பார்க்கலாம். தக்க தசையாக இருந்தால் அதற்கும் சுருங்கும். இனி விஷக்கூறைச் சேர்த்தால் என்ன ஆகிறது? ஆல்ஃபாவைச் சேர்த்தபோது நரம்பின் ஏவல் தசைக்கு எட்டவில்லை, ஊற்றிய அசிட்டைல்கோலினும் பலிக்கவில்லை. ஆனால் நேரடி மின்னதிர்வுக்குத் தசை சுருங்கியது, நரம்பு நுனியும் வழக்கம்போல் அசிட்டைல்கோலினை வெளியிட்டுக்கொண்டுதான் இருந்தது. எனவே கோளாறு தசையின் வாயிலில் இருக்கிறது. பீட்டாவைச் சேர்த்தபோதும் நரம்பின் ஏவல் நின்றுபோயிற்று. ஆனால் அசிட்டைல்கோலினை ஊற்றினால் தசை தயக்கமின்றிச் சுருங்கியது. இங்கே கோளாறு நரம்பின் நுனியில்; கொடுப்பவன் கை முடங்கிவிட்டது, வாங்குபவன் கை நீட்டியபடி நிற்கிறான். ஒரே பாம்பின் ஒரே சொட்டு விஷத்துக்குள், ஒரே சந்திப்பின் இரு கரைகளையும் அடைக்கும் இரு வேறு புரதங்கள்.

குராரேயைக் கழுவினால் போய்விடும். ஆல்ஃபா பங்காரோடாக்சின் கழுவினாலும் போவதில்லை. உயிர் காக்க நினைக்கும் மருத்துவருக்கு இது கெட்ட செய்தி. ஆனால் வேதியியலாளரின் பக்கம் நின்று பார்த்தால் இதைவிட நல்ல செய்தி இருக்க முடியாது. ஒரு பொருள் தான் போய் அமர்ந்த இடத்தைவிட்டு நகராது என்றால், அந்தப் பொருளின் மேல் ஓர் அடையாளத்தை ஒட்டி அனுப்பி, அந்த இடத்தையே கண்டுபிடித்துவிடலாம். லீ அதைத்தான் செய்தார். கதிரியக்க அயோடின் ஒட்டிய நஞ்சை எலியின் உதரவிதானத்தில் செலுத்தி, அவரும் சகாக்களும் 1967இல் எழுதிய கட்டுரையின்படி, நஞ்சு நரம்பு வந்து சேரும் பட்டையில் மட்டும் குவிந்தது. நரம்பைச் சில நாள்களுக்கு முன்பே அறுத்துவிட்டிருந்தாலோ தசை முழுவதும் பரவி ஒட்டியது. நரம்பிழந்த தசை தன் உடல் முழுவதிலும் அசிட்டைல்கோலினை உணரத் தொடங்குகிறது என்பது முன்பே தெரிந்திருந்த செய்தி. நஞ்சு போன வழியும் அதையே காட்டியதால், நஞ்சு ஒட்டுவது அசிட்டைல்கோலினை ஏற்கும் அந்த ஏதோ ஒன்றின் மேல்தான் என்பதற்கு வலுவான சான்று கிடைத்தது.

அந்த ஏதோ ஒன்றுக்கு ஏற்பி என்று பெயர். லாங்லி என்ற கேம்பிரிட்ஜ் உடலியலாளர் 1905இலேயே அப்படியொன்று இருந்தாக வேண்டும் என்று எழுதியிருந்தும், அறுபது ஆண்டுகளாக அது ஒரு வாதமாகவே இருந்தது. கையில் பிடித்தவர் யாரும் இல்லை. 1970இல் பாரிஸின் ழான்-பியர் ஷான்ழோவும் மிச்சிக்கி கசாயும் லீயும் சேர்ந்து எழுதிய கட்டுரையில், தைப்பேயிலிருந்து போன நஞ்சு மின்விலாங்கின் மின்னுறுப்பில் சோதிக்கப்பட்டது. மின்னுறுப்பு என்பது உருமாறிய தசைதான். சுருங்கும் திறனை இழந்து, அசிட்டைல்கோலின் ஏற்பிகளை மட்டும் நெருக்கமாக அடுக்கி வைத்திருக்கும் தசை. நஞ்சு அங்கே தேடிப்போய் ஒட்டிய புரதமே ஏற்பி. அடுத்த ஆண்டு லண்டனில் மிலேடியும் சகாக்களும் மின்திருக்கையின் உறுப்பிலிருந்து, அதே நஞ்சை வழிகாட்டியாக வைத்து, ஏற்பியைப் பிரித்தெடுத்தார்கள். நரம்புச் செய்தியை வாங்கும் ஏற்பிகளுள் ஒரு புரதமாகக் கையில் அகப்பட்ட முதலாவது இது.

தைவானிலும் வேலை நிற்கவில்லை. காவ்சியுங்கில் லீயின் பேராசிரியர் து பிற்காலத்தில் நிறுவிய மருத்துவக் கல்லூரியில் யாங் சென்-சுங் என்ற உயிர்வேதியியலாளர், தைவான் நல்லபாம்பின் நரம்புநஞ்சைப் படிகமாக்கி, 62 அமினோ அமிலங்கள் கொண்ட அதன் வரிசையையும் கண்டறிந்தார். ஆல்ஃபா பங்காரோடாக்சினில் 74. இரண்டுக்கும் அமைப்பு ஒன்றே: கந்தகப் பிணைப்புகளால் இறுக்கிக் கட்டிய ஒரு முடிச்சிலிருந்து மூன்று விரல்கள் நீண்டாற்போன்ற வடிவம். அவ்வளவு சிறிய, அவ்வளவு கெட்டியான புரதம் என்பதால்தான் என் உறைபெட்டியில் அது ஆண்டுக்கணக்கில் கெடாமல் கிடந்தது.

இனி என் சித்தியின் கதை. சித்திக்குக் காலையில் முகம் தெளிவாக இருக்கும். மாலை ஆக ஆக இடது இமை தாழும். விளக்கு வைக்கும் நேரத்தில் தெருவில் வருகிறவர்கள் இரண்டிரண்டாகத் தெரிகிறார்கள் என்பார். ஓராண்டில் இரண்டு முறை கண்ணாடி மாற்றினார்கள். வயதென்றார் ஒரு மருத்துவர், மனக்கவலை என்றார் இன்னொருவர். கடைசியாகப் பார்த்த நரம்பியல் மருத்துவர், கையுறைக்குள் பனிக்கட்டியைப் போட்டு முடிச்சிட்டு, மூடிய இமையின் மேல் இரண்டு நிமிடம் வைத்து எடுத்தார். இமை தானாக மேலே எழுந்தது. நாட்டு வைத்தியம்போல் தோன்றினாலும் அது முறையான சோதனைதான்: குளிர்ச்சியில் அசிட்டைல்கோலினைச் சிதைக்கும் நொதி மந்தமாகிவிடும், இருக்கும் அசிட்டைல்கோலின் கொஞ்சம் கூடுதல் நேரம் நிற்கும். தசைகள் சோர்ந்துபோகும் மயஸ்தீனியா கிராவிஸ் என்ற நோய் என்று எழுதிக்கொடுத்து, இரத்தத்தில் ஏற்பிக்கு எதிரான எதிர்ப்புரதம் (ஆன்டிபாடி) இருக்கிறதா என்று பார்க்கச் சொன்னார்.

இந்த நோயின் வேர் 1973இல்தான் வெளிப்பட்டது. கலிஃபோர்னியாவின் சால்க் நிறுவனத்தில் பாட்ரிக், லிண்ட்ஸ்ட்ராம் என்ற இருவர், மின்விலாங்கின் ஏற்பியை முயல்களுக்கு ஊசியாகப் போட்டு எதிர்ப்புரதம் உண்டாக்க முயன்றபோது, முயல்கள் தலைதூக்க முடியாமல் சோர்ந்து விழுந்தன. மயஸ்தீனியாவுக்குக் கொடுக்கும் மருந்தைக் கொடுத்ததும் எழுந்துகொண்டன. அதே ஆண்டில் ஃபாம்ப்ரோ, ட்ராக்மன், சத்யமூர்த்தி ஆகிய மூவர், நோயாளிகளின் தசைத்துணுக்குகளில் கதிரியக்கப் பங்காரோடாக்சினை ஒட்டி எண்ணிப் பார்த்து, ஏற்பிகள் இயல்பான எண்ணிக்கையில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவாகவே இருப்பதைக் காட்டினார்கள். உடலே தன் ஏற்பிகளைத் தாக்கி அழிக்கிறது. அடுத்த சில ஆண்டுகளில் இரத்தச் சோதனை வந்தது. அதன் மூல வடிவத்தில், மனிதத் தசையின் ஏற்பியைக் கதிரியக்கப் பங்காரோடாக்சினால் குறியிட்டு, நோயாளியின் இரத்தம் அதைப் பிடிக்கிறதா என்று பார்ப்பார்கள். கட்டுவிரியன் கடித்தவருக்கும் சித்திக்கும் முதலில் இமை சரிந்தது தற்செயல் அன்று. ஒன்றில் நஞ்சு அடைக்கும் வாயிலை, மற்றொன்றில் உடல் தானே இடித்துத் தள்ளுகிறது. இதைச் சொன்னபோது சித்தி, "பாம்புக்கும் எனக்கும் என்னடா சம்பந்தம்?" என்று கேட்டார். படம் வரைந்து காட்டினேன். படத்தைவிட, அந்தப் பாம்பு தைவானில் இருக்கிறது என்பதுதான் அவருக்கு ஆறுதலாக இருந்தது.

பீட்டாவைப் பற்றி இவ்வளவு இனிப்பான கதை சொல்ல முடியாது. நம் கட்டுவிரியனிடமும் பீட்டா வகை நஞ்சுகள் உண்டு. மழைக்காலத்து இரவில் தரையில் பாய் விரித்துத் தூங்குகிறவரை அது கடிக்கும்; கடிவாய் தெரியாது; விடியலில் வயிற்றுவலி என்று எழுந்திருப்பார், பிறகு இமை சரியும், பேச்சு குழறும். பீட்டா நஞ்சின் ஒரு பாதி நரம்பு நுனியைக் கவ்விக்கொள்ள, மற்றொரு பாதி கொழுப்புச்சவ்வை அரிக்கும் நொதியாக வேலை செய்து நுனியையே பாழாக்கிவிடும். பாழான பின் கொடுக்கும் விஷமுறிவு மருந்து, இரத்தத்தில் எஞ்சிய நஞ்சைத்தான் பிடிக்கும். நுனி மறுபடி வளர்வதற்கு நாள்கணக்கில், சில வேளை வாரக்கணக்கில் வென்டிலேட்டரில் காத்திருக்க வேண்டும். நல்லபாம்பு கடித்தவருக்குச் சில வேளை, அசிட்டைல்கோலினைச் சிதைக்கும் நொதியைத் தடுக்கும் நியோஸ்டிக்மின் ஊசி போட்டதும் இமை எழுவதும், கட்டுவிரியன் கடித்தவருக்குப் பெரும்பாலும் எழாததும் இதனால்தான். ஸ்டார்ச் படுகையில் ஆல்ஃபாவும் பீட்டாவும் பிரிந்த அந்த வேறுபாடு, தீவிர சிகிச்சைப் பிரிவின் கட்டிலருகே இன்றும் பொருள்படுகிறது. 1978இல் தொடங்கிய இருளர் கூட்டுறவுச் சங்கத்தார் வடநெம்மேலியில் கட்டுவிரியன் உள்ளிட்ட நான்கு பாம்புகளிலிருந்து எடுத்துத் தரும் விஷம் இல்லையென்றால், விஷமுறிவு மருந்துகூட நமக்குப் போதுமான அளவில் கிடைத்திருக்காது.

லீக்குப் பெருமைகள் வரிசையாக வந்தன. 1972 முதல் ஆறாண்டுகள் தேசியத் தைவான் பல்கலைக்கழக மருத்துவக் கல்லூரியின் முதல்வராக இருந்தார். 1976இல் உலக நஞ்சியல் சங்கத்தின் ரெடி விருதைப் பெற்றார். 1979இல் அவர் தொகுத்த பாம்பு விஷங்கள் பற்றிய கையேடு ஆயிரம் பக்கங்களுக்கு மேற்பட்டது. நூலகத்தில் அதை மேசைக்குத் தூக்கி வரவே எனக்கு இரண்டு கைகள் வேண்டியிருந்தன. இவற்றோடு ஓய்வு பெற்று, பாராட்டு மலர் ஒன்றில் புன்னகையோடு அமர்ந்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

தைவானில் இராணுவச் சட்டம் 1987இல் நீங்கியது. ஆனால் குற்றவியல் சட்டத்தின் நூறாம் பிரிவு அப்படியே இருந்தது. வன்முறை எதுவும் இல்லாமல், கருத்தைச் சொன்னதற்காகவோ கூட்டம் கூடியதற்காகவோ ஒருவரை அரசுக்கு எதிரான கலகக்காரர் என்று சிறையில் அடைக்க அது இடங்கொடுத்தது. 1991இல் அதை நீக்கக் கோரி உருவான நூறாம் பிரிவு இயக்கத்தின் முன்வரிசையில் லீ நின்றார். அக்டோபரில், தேசிய நாள் இராணுவ அணிவகுப்பை எதிர்த்து, அவர் வாழ்நாள் முழுவதும் பாடம் நடத்திய மருத்துவக் கல்லூரியின் வளாகத்திலேயே, காவல் படை சூழ்ந்து நிற்க, மாணவர்களோடும் பேராசிரியர்களோடும் தரையில் அமர்ந்தார். அப்போது அவருக்கு 75 வயது. இளமையில் பேசியிருக்க வேண்டியதை முதுமையில் பேசினார் என்று அவரைக் குறைத்துச் சொல்பவர்களைப் படித்திருக்கிறேன். 1950இன் நவம்பரை அருகிலிருந்து பார்த்தவரைப் பற்றி அப்படிச் சொல்ல எனக்கு நா எழவில்லை. அந்த நாற்பதாண்டு மௌனம் எலியின் உதரவிதானத்துக்கு நல்லதாகவும் அவருக்குப் பாரமாகவும் இருந்திருக்கும் என்பது என் ஊகம்; இரண்டையும் ஒன்றுக்கொன்று ஈடுகட்டிக் கணக்கு முடிக்க எனக்குத் தெரியவில்லை.

1992 மே மாதம் நூறாம் பிரிவு திருத்தப்பட்டது. வன்முறையோ மிரட்டலோ இன்றி அந்தக் குற்றம் இல்லை என்றாயிற்று. அவ்வாண்டே தைவான் மருத்துவத் துறையினரின் கூட்டமைப்பு ஒன்றை லீ தொடங்கினார். 1996இல் விடுதலை கோரும் ஒரு கட்சிக்கு முதல் தலைவரானார். 2001 நவம்பர் 1ஆம் நாள், 85ஆம் வயதில் காலமானார். சூ சியாங் சுடப்பட்டு அப்போது ஐம்பத்தோராண்டு நிறைய இருபத்தேழு நாள்கள் இருந்தன.